மனையும் கடலும்: திக்கோப்பியாத் தீவின் குடும்ப அமைப்பும் கடல்மரபும்

1. முன்னுரை

தென்பசிபிக் பெருங்கடலில், சாலமன் தீவுகளின் கிழக்கெல்லையில், ஏறத்தாழ ஐந்து சதுர கிலோமீற்றர் பரப்பில் அமைந்துள்ள சிறுதீவு திக்கோப்பியா. அவிந்துபோன எரிமலையொன்றின் எச்சமாகிய இத்தீவின் நடுவே தே ரோட்டோ என்னும் ஏரி உள்ளது. நிலவியல் நோக்கில் மெலனீசியப் பகுதிக்குள் அடங்கினும், இதன் மக்கள் மொழியாலும் பண்பாட்டாலும் பொலினீசியர் ஆவர். மிக அண்மையிலுள்ள அனுத்தாத் தீவு நூறு கிலோமீற்றருக்கும் மேற்பட்ட தொலைவில் உள்ளது. அதுவும் ஒரு சதுர கிலோமீற்றரிற் பாதியளவே இராத நிலத்துண்டு.

இத்துணைக் குறுகிய நிலத்தில் வாழ்ந்த ஒரு சமுதாயம் தன்னைச் சூழ்ந்த கடலை எவ்வாறு ஆண்டது என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா. திக்கோப்பியர் கடலைக் குடும்பத்திற்குப் புறத்தேயுள்ள வெளியாகக் கொள்ளவில்லை. மனையின் ஒரு பகுதியாகவே கொண்டனர். கடலுக்குள் நுழைவது, கடலில் உணவு தேடுவது, கடலில் மாய்ந்தோரை மீட்டெடுப்பது ஆகிய யாவும் உறவுமுறைக் கடமைகளாகவே வகுக்கப்பட்டிருந்தன. இக்கருத்தை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தமிழியல் மாநாடொன்றில் இத்தீவைப் பேசுபொருளாக்குவதற்குக் காரணம் உண்டு. டபிள்யூ. எச். ஆர். ரிவர்ஸ் 1901, 1902 ஆம் ஆண்டுகளில் நீலகிரியில் தொதவரிடையே தங்கி ஆராய்ந்து, 1906 இல் அவர்களைப் பற்றிய பெருநூலை வெளியிட்டார். அவரே 1908 இல் பசிபிக் தீவுகளுக்குச் சென்றபோது, திக்கோப்பியாவில் நெடுங்காலம் வாழ்ந்த உவேயாத் தீவினரான ஜோன் மரெசெரே என்பவர் வாயிலாக இத்தீவின் உறவுமுறைகளைக் கேட்டுப் பதிவு செய்தார். 1914 இல் வெளிவந்த அவரது மெலனீசியச் சமுதாய வரலாற்றில் அச்செய்திகள் இடம்பெற்றன. நீலகிரியிலும் திக்கோப்பியாவிலும் அவர் கையாண்டது ஒரே குலவரிசை ஆய்வுமுறையாகும். அவர் முடிவுகளுள் எவை நிலைத்தன, எவை வீழ்ந்தன என்பது நமக்கும் ஒரு பாடமாக அமைகிறது.

2. வரலாற்றுப் பின்னணி

பற்றிக் கேர்ச், டக்ளஸ் யென் ஆகியோர் 1977, 1978 ஆம் ஆண்டுகளில் நடத்திய அகழாய்வுகள் இத்தீவில் கி.மு. 900 அளவில் மக்கள் குடியேறினர் என்பதைக் காட்டின. முதற் குடியேறிகள் காட்டுப் பறவைகளையும் ஆமைகளையும் சிப்பிகளையும் பெருமளவில் உண்டனர். அவை அருகியபின், மக்கள் படிப்படியாக மரத்தோப்பு வேளாண்மைக்கு மாறினர். தென்னை, ஈரப்பலா, சேம்பு என அடுக்கடுக்காகப் பயிர்கள் தீவை மூடின. ஒருகாலத்தில் வளர்க்கப்பட்ட பன்றிகள், ஐரோப்பியர் வருகைக்கு முன்னரே தீவினின்று முற்றாக நீங்கின. பயிரை அழிக்கும் விலங்கைச் சமுதாயமே விலக்கியது என்பது அறிஞர் கருத்து.

நிலத்திற்கான போட்டி எக்காலத்தும் அமைதியாகத் தீரவில்லை. நா ரவெங்கா என்னும் கூட்டத்தார் ஏனையோரால் அழிக்கப்பட்டனர் என்றும், நா ஃபயேயா என்னும் கூட்டத்தார் தம் தலைவனுடன் தோணிகளில் ஏறிக் கடலுட் சென்று மறைந்தனர் என்றும் தீவின் வாய்மொழி வரலாறு கூறுகிறது. குலவரிசைக் கணிப்பின்படி இந்நிகழ்ச்சிகள் 18 ஆம் நூற்றாண்டின் முற்பகுதியைச் சாரும். ரவெங்கா, ஃபயேயா என்னும் பெயர்கள் இன்றும் தீவின் இரு பகுதிகளுக்கு வழங்குகின்றன. ஆட்களையே கடலுக்குத் தந்த ஒரு மக்கட்கூட்டத்தின் நினைவு, வாழும் நிலத்தின் பெயராக நின்றுவிட்டது.

எஞ்சியோர் கஃபிக்கா, தஃபுவா, தௌமாக்கோ, ஃபங்கரேரே என்னும் நான்கு குலங்களாக அமைந்தனர். ஒவ்வொரு குலத்திற்கும் அரிக்கி எனப்படும் தலைவர் உண்டு. 1813 இல் ‘ஹண்டர்’ என்னும் கப்பல் மார்ட்டின் புஷார்ட் என்ற பிரஷ்ய மாலுமியையும், அவர் பிஜிய மனைவியையும், ஜோ எனப்பட்ட இந்தியக் கப்பலாள் ஒருவரையும் இங்கு இறக்கிச் சென்றது. 1826 இல் பீட்டர் டில்லன் மீண்டும் வந்தபோது அவர்கள் தீவு வாழ்வில் கலந்திருந்தனர். காணாமற்போன பிரெஞ்சுக் கடலோடி லா பெரூஸின் கப்பல்களைப் பற்றிய முதற் சான்றுகள் அவர்கள் வழியாகவே வெளிவந்தன. வந்தாரைத் தன் மனைகளுள் ஏற்றுக்கொள்ளும் வழக்கம் இத்தீவுக்கு அன்றே இருந்தது.

முறையான களஆய்வை மேற்கொண்டவர் நியூசிலாந்தில் பிறந்து இலண்டனில் கற்ற ரேமண்ட் ஃபேர்த் ஆவார். 1928, 1929 ஆம் ஆண்டுகளில் தீவில் தங்கிய அவர், 1936 இல் ‘திக்கோப்பியராகிய நாம்’ எனப் பொருள்படும் தம் நூலை வெளியிட்டார். இங்குக் கூறப்படும் இனவரைவியற் செய்திகள் பெரும்பாலும் அக்காலத்துத் திக்கோப்பியாவைக் குறிப்பன.

3. மனையின் அமைப்பு

திக்கோப்பிய மொழியில் ‘பைத்தோ’ என்னும் சொல் வீட்டையும் குறிக்கும். ஒரு முன்னோன் வழிவந்த குடியையும் குறிக்கும். தமிழில் ‘மனை’, ‘குடி’, ‘இல்’ ஆகிய சொற்கள் இடத்தையும் மாந்தரையும் ஒருசேரக் குறிப்பதோடு இதனை ஒப்பிடலாம். திருமணமானதும் கணவனும் மனைவியும் தம் இயற்பெயரால் அழைக்கப்படுவதில்லை. அவர்கள் வாழும் வீட்டின் பெயரோடு ‘பா’ என்பது சேர்ந்து ஆண்பெயராகும். ‘நௌ’ என்பது சேர்ந்து பெண்பெயராகும். இருவருக்கும் ஒரே பெயர்; அப்பெயரும் வீட்டின் பெயர். மணமாகாதவரே இயற்பெயரால் வழங்கப்படுவர்.

தாழ்ந்த கூரையுடைய அவ்வீட்டினுள் தளம் மூன்று பகுதியாகக் கொள்ளப்பட்டது. கடலை நோக்கிய பக்கம் ‘மாத்தா பைத்தோ’ எனப்படும். அதுவே உயர்ந்தது. முன்னோர் அத்தளத்தின் கீழ்ப் புதைக்கப்பட்டனர். அவ்விடத்தைப் பாய்கள் குறித்தன. ஆடவர் அப்பக்கம் முதுகுகாட்டி அமர்வதில்லை. அடுப்புக்கூடத்தை அடுத்த பக்கம் பெண்டிர்க்கும் சிறார்க்கும் உரியது. நடுப்பகுதி பொதுவானது. ஆகவே, உண்ணும்போதும் உறங்கும்போதும் ஒவ்வொருவரும் தம் முன்னோரையும் அவர்க்கப்பாலுள்ள கடலையும் நோக்கியே இருந்தனர்.

திசையுணர்வும் இவ்வாறே அமைந்தது. திக்கோப்பியர் பேச்சில் இடம், வலம் என்பவற்றினும் ‘கடற்பக்கம்’, ‘உட்பக்கம்’ என்பனவே மிகுதி. வீட்டுத் தளத்திற் கிடக்கும் கோடரியும் கடற்பக்கத்தது அல்லது உட்பக்கத்தது. ஒருவன் கன்னத்தில் ஒட்டிய சேற்றைச் சுட்டும்போதும் கடற்பக்கக் கன்னம் என்று கூறக் கேட்டதை ஃபேர்த் பதிவு செய்துள்ளார். மனிதன் தன் உடலையும் கடலைக் கொண்டே அளந்தான் எனலாம்.

4. தாய்மாமன்

திக்கோப்பிய உறவுமுறையில் தந்தையின் உடன்பிறந்தாரும் தந்தையரே. தாயின் உடன்பிறந்த பெண்டிரும் தாயரே. இதுவரை தமிழ் உறவுமுறையோடு பெரிதும் ஒத்துச் செல்கிறது. தாயின் உடன்பிறந்த ஆணுக்கு ‘துவாத்தினா’ என்னும் தனிப்பெயர் உண்டு. தந்தையின் உடன்பிறந்த பெண்ணுக்கு ‘மசிக்கித்தங்கா’ என்னும் தனிப்பெயர் உண்டு. மாமனும் அத்தையும் இங்கும் தனித்து நிற்கின்றனர்.

மருமகப்பிள்ளை தாயின் குடிக்கு ‘தாமா தாப்பு’, அதாவது புனிதப் பிள்ளை ஆவான். அவன் பிறந்தது முதல் இறப்பது வரை தாய்மாமன்மார் பொறுப்பு ஏற்கின்றனர். இளைஞனாக்கும் சடங்கில் அறுவை நிகழும்போது சிறுவன் தாய்மாமன் மடியில் கிடத்தப்படுகிறான். அறுவையைச் செய்பவரும் தாய்மாமன் முறையினரே. தந்தையின் குடியும் தாயின் குடியும் அன்று பாயும் மரவுரியும் சமைத்த உணவும் மாற்றிக்கொள்கின்றன. தந்தையின் முன் அடங்கி நிற்க வேண்டிய பிள்ளை, மாமனிடம் தடையின்றிப் பேசலாம், பொருள் கேட்கலாம்.

தாய்மாமன் சீர் அறிந்த தமிழர்க்கு இவ்விடத்தில் ஓர் இயல்பான மகிழ்ச்சி தோன்றும். ஆயின் ஒற்றுமை இங்கேயே நின்றுவிடுகிறது. தமிழ் முறையில் மாமன் மகள் முறைப்பெண். மாமன் என்னும் சொல்லே மனைவியின் தந்தையையும் குறிக்கும். 1949, 1950 ஆம் ஆண்டுகளில் பிரமலைக் கள்ளரிடையே ஆய்வு செய்த லூயி துய்மோன், திராவிட உறவுச்சொற்கள் திருமண உறவின் வெளிப்பாடே என 1953 இல் நிறுவினார். திக்கோப்பியாவிலோ மாமன் மக்களும் அத்தை மக்களும் உடன்பிறந்தாராகவே கருதப்படுவர். நெருங்கிய அத்தகையோரை மணப்பது இழிவாகும். தமிழ் மாமன் வருங்கால மாமனார்; திக்கோப்பிய மாமன் என்றும் தாயின் உடன்பிறந்தான் மட்டுமே. ஒரே பணியை இருவரும் ஆற்றினும், இருவர் பணிக்கும் அடிப்படை வேறு.

5. குடியின் தோணி

ஆழ்கடல் மீன்பிடி ஆடவர் தொழில். பவளத்திட்டின் ஆழமற்ற நீரில் கைவலை கொண்டு மீன் அரிப்பது பெண்டிர் தொழில். இவ்விரண்டும் சேர்ந்தே ஒரு வீட்டின் அன்றாட உணவை நிறைவு செய்தன. நீர்வழி செல்லும் தோணி, ஒற்றை மரத்தைக் குடைந்து ஒருபக்கம் மிதவை கட்டியது. சிறுதோணிகள் பல மனைகளிலும் இருந்தன. பெருந்தோணிகள் குடிகளின் உடைமையாயினும் குலத் தெய்வங்கட்கு உரியனவாகக் கருதப்பட்டன. பருவந்தோறும் நிகழ்ந்த ‘தெய்வங்களின் பணி’ என்னும் சடங்குத் தொடரில் புனிதத் தோணிகளைப் புதுப்பித்துத் தெய்வங்கட்கு உரிமையாக்குவது முதன்மை பெற்றது. கோயிலைப் புதுப்பிப்பதும் தோணியைப் புதுப்பிப்பதும் ஒரே வழிபாட்டின் இரு பகுதிகளாயிருந்தன.

நிலவில்லா இரவுகளில் தென்னையோலைச் சூள் கொளுத்திப் பறவைக்கோலா மீனைக் கைவலையில் வாரும் தொழிலே கடலில் மிக்க களிப்பை ஊட்டியது. சிறுவன் ஒருவன் முதன்முறையாகச் சூள் மீன்பிடிக்குச் செல்வது அவன் வாழ்வின் ஒரு படிநிலையாகக் கொண்டாடப்பட்டது. அதன்பொருட்டு இரு குடிகளும் உணவும் பரிசும் மாற்றிக்கொண்டன. இளைஞனாக்கும் சடங்கில் நின்ற அதே உறவினரே இங்கும் நின்றனர் என்பது நோக்கத்தக்கது. உடல் முதிர்வதும் கடலுக்குள் நுழைவதும் ஒரே கொடைமுறையால் பிணைக்கப்பட்டன.

நெடுவழிக்கு விண்மீன்களே வழிகாட்டிகள். ஒரு திசையில் ஒன்றன்பின் ஒன்றாக எழும் அல்லது மறையும் மீன்களின் வரிசை ‘கவெங்கா’ எனப்படும். ஒரு மீன் உயர்ந்து பயனற்றதாகும்போது அடுத்த மீனை நோக்கித் தோணியைச் செலுத்துவர். அனுத்தாவுக்கு இவ்வாறு சென்று உறவினரைக் கண்டு, பொருள் மாற்றி, பருவக்காற்றுத் திரும்பும்போது மீள்வது வழக்கம். கருவியேதுமில்லா இவ்வறிவு மூத்தோரிடமிருந்து தோணியிலேயே இளையோருக்குச் சென்றது.

6. கடலேகலும் வெற்றுக்கல்லறையும்

இளைஞர் தோணியேறி அயற்றீவுகளை நோக்கிச் செல்வது ‘ஃபொராவ்’ எனப்பட்டது. இதில் புகழ்வேட்கையும் உண்டு, மனக்கசப்பும் உண்டு. தந்தையாற் கடியப்பட்டவன், தலைவனால் அவமதிக்கப்பட்டவன், காதலில் தோற்றவன் முதலியோர் துணையின்றியும் தக்க ஆயத்தமின்றியும் கடலிற் செல்வதுண்டு. இச்செயல் தற்கொலையா, துணிகரச் செலவா என்னும் எல்லை தெளிவற்றது என ஃபேர்த் 1961 இல் எழுதிய கட்டுரையில் காட்டினார். சென்றவனைத் தேடி உடனே தோணிகள் புறப்படும். மீட்டு வரப்பட்டவன் இகழப்படுவதில்லை. அவன் எவரோடு பிணங்கினானோ அவரோடு இணக்கம் செய்விக்கப்படுவான். கடல் ஒரு முறையீட்டு மன்றமாகவும் இயங்கியது. ஆயினும் அம்மன்றத்திற்குச் சென்றோர் பலர் திரும்பவில்லை.

திரும்பாதவனுக்குத் தீவு என் செய்தது? உடல் கிடைக்காவிடினும் அவனுக்குக் குழி அகழப்பட்டது. அதனுள் தாழம்பாய்களும் மரவுரிகளும் பரப்பிப் புதைக்கப்பட்டன. கடல்நீரில் நனைந்த ஆடையோடு கிடப்பவனுக்கு உலர்ந்த ஆடை சேர வேண்டும் என்பது நம்பிக்கை. இச்சடங்கிலும் தாய்வழி உறவினர்க்கு உரிய கடமைகள் இருந்தன. மடியில் தாங்கிச் சடங்கு செய்வித்தோரின் குடியே இறுதி ஆடையையும் சேர்ப்பித்தது.

ஃபேர்த் தங்கியிருந்த காலத்தில் தஃபுவாத் தலைவரின் மூத்த மகன், கடலில் மறைந்த தம் மகனுக்கு இச்சடங்கைச் செய்ய முற்பட்டார். தந்தையாகிய தலைவர் உடன் இசையவில்லை எனக் கருதி அவர் பெருஞ்சினம் கொண்டார். மகனை இழந்தவர் தம் தந்தையோடும் பிணங்கி நின்ற அந்நிலையில், ஃபேர்த்தும் இடைநின்று இணக்கத்திற்கு உதவினார். மகன் தந்தையின் முழங்காலில் தம் மூக்கைப் பதித்துப் பணிந்தார். அதன்பின் சடங்கு நடைபெற்றது. இந்நிகழ்ச்சியைப் படிப்போர் தலைவர் குடும்பத்துப் பதவிப்பூசலாக அதனைக் கொள்ளலாகாது. உடலற்ற மரணத்தின் துயர் மூன்று தலைமுறையையும் பிளக்கக்கூடியது. அப்பிளவை மூடுதற்கே சடங்கு வேண்டப்பட்டது. நெய்தல் திணைக்கு இரங்கலை உரிப்பொருளாக வகுத்த மரபில் வந்தோர்க்கு இது விளங்காததன்று.

7. எண்ணிக்கையும் பஞ்சமும்

இங்குக் கூறிய ஒழுங்கைக் குறையற்ற இல்லறமாகப் புனைவது பிழையாகும். மக்கட்பெருக்கைத் தீவின் உணவுக்கு உட்படுத்தக் கடுமையான வழிகள் இருந்தன. தமையன் மணந்து குடியை வளர்ப்பான். தம்பியர் பலர் மணமின்றி வாழ்வர். பிள்ளைகளைப் பெருக்காதீர் எனத் தலைவர் சடங்குக் காலத்தில் மக்களுக்கு அறிவுரை கூறுவார். கருவழிப்பும் சிசுக்கொலையும் இருந்தன. இளைஞரைக் கடல் கொண்டதும் இக்கணக்கில் ஒரு பகுதியே. மனையின் அன்பும் மனையின் கொடுமையும் ஒரே அளவுகோலால் வகுக்கப்பட்டிருந்தன.

ஆங்கிலிக்கன் சமயப்பணி இவ்வழிகளைத் தடுத்தது, மணமின்மையும் குறைந்தது. அரசு கடற்செலவைக் கட்டுப்படுத்த முயன்றது. 1929 இல் ஏறத்தாழ 1,280 ஆக இருந்த மக்கட்டொகை 1952 இல் ஏறத்தாழ 1,750 ஆயிற்று. அவ்வாண்டு சனவரியில் வீசிய பெரும்புயல் பயிர்களை அழித்தது. 1953 இல் மீண்டும் ஒரு புயல் வந்தது. பஞ்சம் சூழ்ந்த அக்காலத்தில் ஃபேர்த், ஜேம்ஸ் ஸ்பில்லியஸ் என்பவருடன் தீவுக்குத் திரும்பியிருந்தார்.

அவர் கண்டது நுட்பமானது. களவு பெருகியது. பிறர் நிலத்துக் கிழங்கைத் தோண்டுவது பரவியது. மனைக்கு மனை கொடுக்கும் பகிர்வு சுருங்கியது. ஆயினும் மனைக்குள் பகிர்வு முறியவில்லை. விருந்தினரை வரவேற்கும் முறையும் மூத்தோரைப் பணியும் முறையும் கைவிடப்படவில்லை. அறம் தளர்ந்தவிடத்தும் ஒழுகலாறு நின்றது என்பது அவர் முடிவின் சாரம். பஞ்சம் உறவின் வட்டத்தைச் சிறிதாக்கியது. அதன் நடுப்புள்ளியை அழிக்கவில்லை.

பின்னர்க் கஃபிக்காத் தலைவரும் 1950 களின் இடையில் கிறித்தவம் தழுவினார். தெய்வங்களின் பணி நின்றது. இளைஞர் தோணியேறி மறைவதற்கு மாறாகக் கப்பலேறி வேலைக்குச் சென்றனர். ரசல் தீவுகளில் நுக்குஃபெரோ, மக்கிராவில் நுக்குக்கைசி ஆகிய திக்கோப்பியக் குடியேற்றங்கள் தோன்றின. கடல் இளைஞரைக் கொள்வது நிற்கவில்லை. ஆனால் இப்போது அவர்கள் மடலும் பணமும் அனுப்பும் தொலைவில் வாழ்ந்தனர்.

2002 டிசம்பர் இறுதியில் சோயி என்னும் கடும்புயல் தீவைத் தாக்கியது. வீடுகளும் தோப்புகளும் அழிந்தன. ஏரிக்கும் கடலுக்கும் இடைப்பட்ட மணற்றிட்டு உடைந்து தே ரோட்டோ உவர்நீராயிற்று. எனினும் ஓருயிரும் மாளவில்லை. மக்கள் மேட்டிலுள்ள பாறைக்குடைவுகளில் ஒதுங்கிப் பிழைத்தனர். உடைந்த கரை பிற்பாடு கற்கூடைகள் அடுக்கி மீள அமைக்கப்பட்டது.

8. ஒப்பீட்டின் எல்லை

தமிழ் ஆய்வுலகில் பொலினீசியத் தொடர்பு பற்றிய ஆர்வம் புதிதன்று. சென்னை மாகாணத்து மீன்வளத் துறைக்குத் தலைமை தாங்கிய ஜேம்ஸ் ஹோர்னெல், 1920 இல் இந்தியத் தோணி வகைகளை ஆராய்ந்து, தென்னிந்தியக் கடற்கரையில் பொலினீசியச் சார்பு உண்டென எழுதினார். சங்க இலக்கியத்துக் கலப்பெயராகிய ‘வங்கம்’, தோணியைக் குறிக்கும் பொலினீசியச் சொல்லாகிய ‘வாக்கா’ இரண்டையும் இணைத்துப் பேசுவோரும் உளர். இரட்டையுடல் தோணிக்கு ஆங்கிலேயர் வழங்கிய பெயர் நம் ‘கட்டுமரம்’ என்பதினின்று வந்தது. ஆனால் அச்சொல்லைப் பசிபிக்கிற்குக் கொண்டு சென்றோர் சோழமண்டலக் கரையில் அதனைக் கற்ற ஐரோப்பியரே. பெயரின் பயணத்தை மக்களின் பயணமாகக் கொள்ளுதல் தவறு.

இதே பிழையை வேறு வடிவில் ரிவர்ஸ் செய்தார். தாய்மாமன் கடமைகளையும் உறவுச்சொற்களையும் பண்டை மணமுறைகளின் எச்சங்களாகவும், அடுத்தடுத்து வந்த குடிப்பெயர்வுகளின் சுவடுகளாகவும் அவர் வாசித்தார். ஃபேர்த் தீவிலேயே வாழ்ந்து கண்டபோது, அக்கடமைகள் எச்சங்களல்ல, நாள்தோறும் பணியாற்றும் உறுப்புகள் எனத் தெரிந்தது. சிறுவனைக் கடலுக்கு ஆக்குவதும் கடலில் மாய்ந்தவனுக்கு ஆடை சேர்ப்பதும் அவ்வுறுப்புகளின் வேலை. ஓர் உறவுமுறை எங்கிருந்து வந்தது என்று வினவுமுன் அது என்ன செய்கிறது என்று வினவுதல் வேண்டும்.

9. முடிவுரை

திக்கோப்பியர் கடலை மனையின் முன்பக்கமாக வைத்தனர். முன்னோர் அப்பக்கமே கிடந்தனர்; இளையோர் அப்பக்கமே சென்றனர்; திரும்பாதோர்க்கும் உலர்ந்த பாய் அங்கேயே விரிக்கப்பட்டது. இவ்வமைப்பைத் தாங்கியவை உறவுக் கடமைகள். அவற்றுள் தலையாயது தாய்மாமன் கடமை. அக்கடமைக்கும் தமிழர் தாய்மாமன் கடமைக்கும் ஒரே வேர் இருக்க வேண்டியதில்லை. பிறந்த வீட்டுக்கும் புகுந்த வீட்டுக்கும் இடையே நிற்கும் பெண்ணின் பிள்ளையை இரு வீடும் கைவிடாதிருக்க, இரு மக்களும் தனித்தனியே கண்ட வழிகள் அவை. இருவேறு மக்கள் ஒரே தேவைக்குத் தத்தம் வழியில் விடை கண்டனர் என்பது, ஒருவர் மற்றவரிடமிருந்து கடன் பெற்றனர் என்பதினும் சிறிய செய்தியன்று. நம் மாநாடுகளில் பசிபிக் தீவுகள் தமிழரின் பழம்பெருமைக்குச் சான்று தேடும் களமாக மட்டும் எடுத்துக்கொள்ளப்படின், அம்மக்களையும் அறியோம். அவர்கள் வாயிலாக நம் மனையமைப்பைப் பற்றி அறியக் கூடியதையும் இழப்போம்.